தோட்ட மாளிகையும் திருப்பயணமும்

மேற்படிப்பிற்காகவோ சபைகளின் அழைப்பின் பேரிலோ அமெரிக்க ஐக்கிய நாடுகளுக்குச் செல்லும் நம் குருமார், தென்மாநிலங்களில் தங்க நேர்ந்தால், அங்குள்ள அன்பர்கள் அவர்களை அழைத்துச் சென்று காட்டும் இடங்களுள் பழைய தோட்ட மாளிகைகளும் உண்டு. வெண்தூண்கள் நிரையாக நிற்கும் முகப்பு, இருமருங்கும் ஓக் மரங்கள் கவிந்த பாதை, உள்ளே வெள்ளிப் பாத்திரங்கள், திரைச்சீலைகள், குடும்பத் திருமறை. கட்டணம் செலுத்தியவர்களை வழிகாட்டி ஒருவர் அறை அறையாக அழைத்துச் சென்று கதை சொல்லுவார். இதனை வெறும் உல்லாசமென்று ஒதுக்கிவிடலாம். ஆனால், நடந்ததை நினைவுகூர்ந்து சபையார்முன் எடுத்துரைப்பதையே பணியாகக் கொண்ட நாம், வேறு சிலர் தம் பழமையை எவ்வாறு எடுத்துரைக்கின்றனர் என்பதைக் கூர்ந்து நோக்குதல் தகும். எங்கே தொடங்குகின்றனர்? யாரைப் பெயர் சொல்லி அழைக்கின்றனர்? யாரை எண்ணிக்கையாக மட்டும் குறிக்கின்றனர்?

மிசிசிப்பி ஆற்றங்கரையிலுள்ள நாட்செஸ் நகரில் இச்சுற்றுலாவிற்கு வழங்கும் பெயரே நம் கவனத்தை ஈர்க்கிறது. 1932ஆம் ஆண்டு வசந்த காலத்தில் அந்நகரின் தோட்டக்கலைச் சங்கப் பெண்மணிகள் தங்கள் மூதாதையரின் மாளிகைகளை வெளியார்க்குத் திறந்துவைத்தனர். அது உலகப் பொருளாதாரம் சரிந்திருந்த காலம். பருத்தியையோ அதற்கு முன்பே கூன்வண்டு அழித்திருந்தது. பாட்டிமார் அணிந்த விரிபாவாடைகளை அணிந்து அவர்கள் விருந்தினரை வரவேற்றனர். மாலையில் தெற்கத்தியக் கூட்டமைப்பின் கொடியோடு காட்சிகள் நடத்தினர். இதற்கு அவர்கள் இட்ட பெயர் ‘திருப்பயணம்’. சீர்திருத்தத் திருச்சபையினராகிய நாம் தலயாத்திரைகளைப் பெரிதும் போற்றுவோரல்லோம். ஆயினும் யாத்திரையின் இலக்கணம் நாமறிந்ததே: துன்புற்றவரும் சான்று பகர்ந்தவரும் வாழ்ந்த இடத்தை நாடிச் செல்வதே அது. நாட்செஸிலோ யாத்திரிகர் நாடிச் சென்றது உடையவரின் வரவேற்பறையை.

அம்மாளிகைகளைப் பற்றி ஒன்றை அறிந்துகொள்ளுதல் நலம். அவற்றுட் பல பருத்தி வயல்களின் நடுவே நிற்பன அல்ல. செல்வர்கள் நகரையொட்டி வீடு கட்டிக்கொண்டனர்; அவர்களுடைய நிலங்களில் பெரும்பகுதி ஆற்றுக்கு அப்பால் லூயிசியானாவில் இருந்தது. எனவே பார்வையாளரின் கண்ணுக்குப் பருத்திச் செடியும் தெரிவதில்லை, அதைப் பறித்த கையும் தெரிவதில்லை. லாங்வுட் என்னும் எண்கோண மாளிகையின் கதை உருக்கமாகச் சொல்லப்படுவது. 1861இல் உள்நாட்டுப் போர் மூண்டவுடன் வடக்கிலிருந்து வந்திருந்த தொழிலாளர் கருவிகளைப் போட்டுவிட்டு ஊர் திரும்பினர். மேல்தளங்கள் இன்றும் முடிவுறாமலே நிற்கின்றன. அடித்தளம் மட்டும் குடியிருக்கத்தக்கதாக முடிந்தது. முடித்தவர்கள் அவ்வீட்டின் அடிமைகள். அதே நகரின் எல்லையில் ‘ஃபோர்க்ஸ் ஆஃப் தி ரோடு’ என்னுமிடத்தில், ஆழ்தெற்கில் நியூ ஆர்லியன்சுக்கு அடுத்த பெரிய அடிமைச் சந்தை நடந்தது. மாளிகைகள் திறக்கப்பட்டது 1932இல். அச்சந்தை நிலம் நாட்செஸ் தேசிய வரலாற்றுப் பூங்காவுடன் சேர்க்கப்பட்டது 2021இல்.

வழிகாட்டியின் சொற்களுக்கு வருவோம். ஐக்ஸ்டெட், ஸ்மால் என்னும் சமூகவியலார் இருவர், வர்ஜீனியா, ஜார்ஜியா, லூயிசியானா மாநிலங்களில் நூற்றுக்கு மேற்பட்ட இத்தகைய இடங்களைச் சுற்றிப் பார்த்து 2002இல் ஒரு நூல் வெளியிட்டனர். அடிமைத்தனத்தை முற்றிலும் விட்டுவிடுதல், அற்பமாக்குதல், தனிப்பட்ட சுற்றுக்கு ஒதுக்கிவைத்தல் ஆகிய வழக்கங்களை அவர்கள் கண்டனர். செயப்பாட்டுவினை இதற்கு எவ்வளவு உதவுகிறது என்பதையும் காட்டினர். ‘செங்கல் இங்கேயே சுடப்பட்டது’ என்றால், சுட்டவர் யார் என்று எவரும் கேட்பதில்லை. நம் இலக்கணிகள் ஏவுதற் கருத்தா என்றும் இயற்றுதற் கருத்தா என்றும் இருவகை வகுத்தனர். லூயிசியானாவின் நாட்டோவே மாளிகையை ஜான் ஹாம்ப்டன் ராண்டால்ப் 1859இல் கட்டி முடித்தார் என்பர். அவர் ஏவியவர். 1860இல் அவருக்கு உடைமையாயிருந்தவர்கள் 155 பேர். பின்னாளில் அம்மாளிகை விடுதியாகவும் திருமண மண்டபமாகவும் பயன்பட்டது. 2025 மே மாதத்தில் அது தீக்கிரையானபோது சிலர் அழுதனர், சிலர் மகிழ்ந்தனர். இருசாராரும் பார்த்தது ஒரே கட்டடத்தைத்தான்.

சில வீடுகளில் மறைத்தல் கட்டட அமைப்பிலேயே உள்ளது. தாமஸ் ஜெபர்சனின் மாண்டிசெல்லோ இல்லத்தின் உணவறையில் கணப்படுப்பின் பக்கங்களில் திராட்சரசக் குப்பிகளைக் கீழறையிலிருந்து ஏற்றும் சிறு தூக்கிகள் உள்ளன. உணவு வைத்த தட்டுகளுடன் சுழலும் கதவொன்றும் உண்டு. பரிமாறுகிறவர் விருந்தினர் கண்ணில் படவேண்டியதில்லை. மனிதர் யாவரும் சமமாகப் படைக்கப்பட்டவர் என்று எழுதிய அவர், தம் வாழ்நாளில் அறுநூறுக்கு மேற்பட்டோரை அடிமைகளாக வைத்திருந்தார். அவர்களுள் ஒருவரான சாலி ஹெமிங்ஸ் வாழ்ந்ததாகக் கருதப்படும் அறை, 2018இல்தான் அவர் வரலாற்றைச் சொல்லும் காட்சியிடமாகத் திறக்கப்பட்டது.

‘அடிமை’ என்னாமல் ‘வேலைக்காரர்’ என்றே சொல்லுவது இச்சுற்றுகளின் நெடுநாள் வழக்கம். அதைக் கேட்டு நகைக்குமுன் நம் திருமறையைத் திறந்து பார்ப்போமாக. எபேசியர் 6:5இல் கிரேக்க மூலத்தின் ‘தூலொஸ்’, அடிமையையே குறிக்கும். ஆங்கிலப் பழைய மொழிபெயர்ப்பும் நம் பழைய திருப்புதலும் அதை ‘வேலைக்காரர்’ என்றே தந்தன. மொழிபெயர்ப்பாளரின் மென்மை, உடையவருக்கு வசதியாயிற்று.

மாளிகையில் திருமறையைக் காட்டி, ‘வீட்டு எசமானி அடிமைகளுக்கு வேதம் கற்பித்தார்’ என்று வழிகாட்டி சொன்னால், குருமாராகிய நாம் அங்கே நிற்கவேண்டும். கற்பித்தது எந்தப் பகுதியை? ஜார்ஜியாவின் லிபர்ட்டி மாவட்டத்தில் பிரஸ்பித்தேரிய ஆயராயிருந்த சார்ல்ஸ் கால்காக் ஜோன்ஸ், பிரின்ஸ்டனில் பயின்றவர். இளமையில் அடிமைமுறை குறித்து உள்ளம் கலங்கியவர். எனினும் தாமே தோட்டங்களும் அடிமைகளும் உடையவர். அடிமைகளுக்கென வினாவிடை நூல் எழுதினார். அவரே ஓர் அறிக்கையில் பதிவு செய்துள்ள நிகழ்ச்சி ஒன்று உண்டு. பெருந்திரளான அடிமைகளுக்கு அவர் பிலேமோன் நிருபத்தைக் கொண்டு அருளுரையாற்றினார். பவுலின் பெயரால் கீழ்ப்படிதலை வற்புறுத்தி, தப்பியோடுதலைக் கண்டித்தார். கேட்டோரில் பாதிப்பேர் எழுந்து போய்விட்டனர். அப்படியொரு நிருபம் வேதத்திலேயே இல்லை என்றனர் சிலர். இது நற்செய்தியன்று என்றனர் வேறு சிலர். எழுதப் படிக்கத் தடைசெய்யப்பட்ட அம்மக்கள், கற்றறிந்த ஆயரின் விளக்கவுரையை நிறுத்துப் பார்த்துத் தள்ளிவிட்டனர். ஓனேசிமு இனி அடிமையாக அல்ல, சகோதரனாக ஏற்கப்படவேண்டும் என்ற பகுதியை ஜோன்சு நன்கறிவார். அதன்மேல் அவர் அருளுரையின் பாரம் விழவில்லை.

இதன் எதிரொலி நெடுநாள் நீடித்தது. இறையியலார் ஹவர்ட் தர்மனின் பாட்டி புளோரிடாவில் தோட்ட அடிமையாயிருந்தவர். பேரன் அவருக்குத் திருமறை வாசிப்பார். ஆனால் பவுலின் நிருபங்களில் 1 கொரிந்தியர் 13ஐத் தவிர வேறெதையும் வாசிக்க அவர் விடுவதில்லை. எசமானின் போதகர் அந்நிருபங்களிலிருந்தே பேசியதை அவர் மறக்கவில்லை. தர்மன் 1935இல் இலங்கைக்கும் இந்தியாவுக்கும் வந்தபோது, கொழும்புச் சட்டக் கல்லூரியில் உரையாற்றியபின் ஒருவர் அவரைக் கேட்ட வினா: உம் மக்களை அடிமைப்படுத்தியவர்களின் மதத்தை நீர் எப்படிப் பேசுகிறீர்? 1949இல் அவர் எழுதிய ‘இயேசுவும் உரிமை இழந்தோரும்’ என்னும் நூலுக்கு அவ்வினாவே வித்தாயிற்று.

இறையியல் கல்லூரிகளும் இதற்குப் புறம்பானவையல்ல. தென் பாப்திஸ்து இறையியல் கல்லூரி, தன்னை நிறுவிய நால்வரும் சேர்ந்து ஐம்பதுக்கு மேற்பட்ட அடிமைகளை உடையவராயிருந்தனர் என்று 2018இல் தானே அறிக்கை வெளியிட்டது. தன் சுவரிலுள்ள படங்களைக் குறித்து இவ்வாறு எழுதுவது ஒரு கல்லூரிக்கு எளிதன்று, பாராட்டுக்குரியது.

நியூ ஆர்லியன்சுக்கு மேற்கே விட்னி தோட்டம் 2014 டிசம்பரில் பொதுமக்களுக்குத் திறக்கப்பட்டது. இதை வாங்கிச் செப்பனிட்டவர் ஜான் கம்மிங்ஸ் என்ற வழக்குரைஞர். இங்கே கதை சொல்லும் ஒழுங்கு தலைகீழானது. சுற்று ஆலயத்தில் தொடங்கும். அதனுள்ளே கரிய சிறுவர் சிறுமியரின் சிலைகள் நிற்கின்றன. ஏன் சிறுவர்? 1930களில் அரசு எழுத்தாளர்கள் முன்னாள் அடிமைகளைத் தேடிச் சென்று அவர்கள் வாய்மொழியைப் பதிவு செய்தபோது உயிரோடிருந்தவர்கள், 1865இல் விடுதலை வந்த காலத்தில் பிள்ளைகளாயிருந்தவர்களே. பின்பு கருங்கல்லில் பொறித்த பெயர்கள். பலவற்றிற்குக் குடும்பப் பெயரில்லை. மாளிகையைக் காண்பது சுற்றின் இறுதிப் பகுதியில்.

அவ்வாலயம் பக்கத்து ஊராகிய பாலினாவில் விடுதலை பெற்றோர் 1870இல் கட்டியது. சபையார் புதிய ஆலயம் எழுப்பியபின் பழையதை விட்னிக்குக் கொடையளித்தனர். இன்று அதன் பெயர் அந்தியோகியா பாப்திஸ்து ஆலயம். முதலில் இட்ட பெயரோ ‘ஆன்டி யோக்’, அதாவது நுகத்திற்கு எதிர். ஆங்கில ஒலிப்பில் இரண்டும் நெருங்கியவையாதலால் பின்வந்தோர் திருமறைப் பெயராக மாற்றிக்கொண்டனர்.

அதே ஆற்றுச் சாலையில் சில கல் தொலைவிலேயே, இருபத்தெட்டு ஓக் மரங்களால் புகழ்பெற்ற ஓக் ஆலி மாளிகையும் உண்டு. ஒரு நாள் மட்டும் கிடைக்கும் ஆயர்கள் விட்னியை முன்னும் இதைப் பின்னுமாகப் பார்ப்பது நன்று. ஓக் ஆலியில் 1846–47 குளிர்காலத்தில் பெக்கான் மரத்தை முதன்முதலாக வெற்றியுடன் ஒட்டுக் கட்டியவர் அந்துவான் என்னும் அடிமைத் தோட்டக்காரர். அவருக்கும் குடும்பப் பெயர் கிடைக்கவில்லை. வழிகாட்டி மரங்களைக் காட்டும்போது, அவரைப் பற்றிக் கேளுங்கள்.