பேசாத படம் சொன்ன சேதி

கல்யாணமாகி எட்டே மாதத்தில், என் மகள் பெட்டியோடு ஸ்ரீரங்கம் வந்து விட்டாள். பேசியபடி போட்ட நகை போதாதாம். இன்னும் பத்து சவரன் கேட்டு தினமும் நச்சரிப்பு. 'எல்லா வீட்டிலும் இருக்கறதுதான். கொஞ்சம் பொறுத்துப் போடி' என்று, நானும் பாடிக் கொண்டிருந்தேன். தெருவில் நாலு பேர் கேட்டால், என்ன சொல்வது என்ற பயம்தான்!

ஒரு நாள் மதியம், கம்ப்யூட்டரில் பழைய ஜப்பானியப் படம் ஒன்று பார்த்துக் கொண்டிருந்தாள். 'இரவுதோறும் கனவுகள்' என்று அர்த்தமாம். மிக்கியோ நருஸே என்பவர், 1933ல் எடுத்த பேசாத படம். நானும், மாமியாரும் பக்கத்தில் உட்கார்ந்தோம். நடுநடுவே வரும் எழுத்துக்களை, மகள் படித்துச் சொன்னாள்.

துறைமுகத்து மதுக்கடையில் வேலை பார்த்து, சின்னப் பையனை வளர்க்கிறாள் ஒருத்தி. விட்டுப் போன கணவன் திரும்பி வருகிறான். அவனுக்கு வேலை கிடைக்கவில்லை. பையன் காரில் அடிபட, வைத்தியச் செலவுக்காகத் திருடிய கணவன், கடைசியில் தண்ணீரில் விழுந்து உயிரை விடுகிறான். 'நீயாவது தைரியமாக வளரணும்' என்று, மகனிடம் சொல்கிறாள் அவள். படத்தில் ஒரு வார்த்தை காதில் விழவில்லை. எங்கள் மூவர் கண்ணிலும் தண்ணீர்.

மாமியார் மெதுவாக ஆரம்பித்தார்...

"நம்ம திருச்சிக்கும் இப்படிக் கஷ்டத்தோட ஒருத்தி வந்தா, தெரியுமா? டி.பி.ராஜலட்சுமி. திருவையாறுல பொறந்தவ. சின்ன வயசுலயே கல்யாணம். வரதட்சணைத் தகராறுல புகுந்த வீடு இல்லேன்னு ஆச்சு. அப்பாவும் போயிட்டார். அம்மாவும், பொண்ணுமா திருச்சிக்கு வந்து, நாடகக் கம்பெனியில சேர்ந்தா. ஊர் பேசாமலா இருந்திருக்கும்?"

அந்தப் பெண்தான், பேசாத படங்களில் நடித்து, 1931ல் வந்த முதல் தமிழ் பேசும் படமான, 'காளிதாஸ்' கதாநாயகியானார். 1936ல், தான் எழுதிய நாவலையே, 'மிஸ் கமலா' என்று படமாக்கி, தமிழின் முதல் பெண் டைரக்டரும் ஆனார்.

"அவ அம்மா, 'பொறுத்துப் போ'ன்னு சொல்லிண்டே இருந்திருந்தா, அவ என்ன ஆயிருப்பா?" என்று, என்னைப் பார்த்துக் கேட்டார் மாமியார். எனக்குச் சுருக்கென்றது.

இப்போது மகள், தில்லைநகரில் ஒரு ஆடிட்டர் ஆபீசில் வேலைக்குப் போகிறாள். டிபன் டப்பாவைக் கையில் கொடுத்து, தெருமுனை வரை நானே போய் வழியனுப்புகிறேன். யாராவது கேட்டால், 'என் பொண்ணு, என்னோட இருக்கா' என்கிறேன், அவ்வளவுதான்.

தாய்மார்களே... பெட்டியோடு வந்து நிற்கும் மகளிடம், 'சாப்பிட்டியா?' என்று முதலில் கேளுங்கள். ஊருக்குப் பதில், அப்புறம் சொல்லிக் கொள்ளலாம்!

— ஒரு வாசகி, ஸ்ரீரங்கம்.