கேசட் வீடியோ கேமில் தமிழ் எழுத்து! நீங்களே மாற்றி அமைக்கலாம்

உங்கள் வீட்டுப் பரணில் பழைய வீடியோ கேம் பெட்டி ஒன்று தூங்கிக்கொண்டிருக்கிறதா? மேலே கேசட் சொருகி, டிவியில் சேனலைத் திருகித் திருகிப் படம் பிடித்து, மரியோவும் காண்ட்ராவும் ஆடுவோமே, அதே பெட்டிதான். 1990களில் ராயபுரம், தண்டையார்பேட்டை, திருவொற்றியூர், எண்ணூர் பக்கத்துப் பிள்ளைகளுக்கு இது கிடைத்த முக்கியமான இடம் பர்மா பஜார். பீச் ஸ்டேஷனில் இறங்கினால் ராஜாஜி சாலை ஓரமாகவே வரிசையாகக் கடைகள். பெட்டியின் மேல் என்ன பெயர் அச்சிட்டிருந்தாலும் உள்ளே இருந்தது ஒன்றேதான். ஜப்பானின் நின்டெண்டோ நிறுவனம் 1983-ல் வெளியிட்ட ஃபேமிகாம் என்ற மெஷினின் நகல்.

அந்தப் பெட்டியில் ஓடும் கேமின் படத்தையும் எழுத்தையும் விதிகளையும் நம் வீட்டுக் கம்ப்யூட்டரை வைத்தே மாற்ற முடியும். எப்படி என்று இந்தக் கட்டுரையில் பார்ப்போம். புரோகிராமிங் தெரிந்திருக்க வேண்டிய அவசியம் இல்லை. பொறுமை இருந்தால் போதும்.

மாற்றிய கேமை ஏற்கெனவே ஆடிவிட்டீர்கள்!

"999999 இன் 1" என்று லேபிள் ஒட்டிய கேசட் நினைவிருக்கிறதா? மெனுவில் பக்கம் பக்கமாகப் பெயர்கள் ஓடும். ஆடிப் பார்த்தால் சில கேம்கள்தான் திரும்பத் திரும்ப வரும். ஆனால் கூர்ந்து பார்த்தவர்களுக்கு ஒரு விஷயம் தெரிந்திருக்கும். ஒரு காண்ட்ரா முதல் ஸ்டேஜில் ஆரம்பிக்கும். இன்னொரு பெயரில் இருக்கும் காண்ட்ரா நடு ஸ்டேஜில் ஆரம்பிக்கும். மற்றொன்றில் 30 உயிர் கிடைக்கும். இவை தனித்தனி கேம்கள் அல்ல. ஒரே கேமில் ஓரிரு எண்களை மாற்றி, வேறு பெயர் வைத்து மெனுவில் சேர்த்தவை. பெயர் தெரியாத யாரோ ஒரு டெக்னீஷியன் அன்று செய்த வேலையைத்தான் நாம் இன்று கற்றுக்கொள்ளப் போகிறோம். ஒரு வித்தியாசம்: அவர்கள் அனுமதி இல்லாமல் நகலெடுத்து விற்றார்கள். நாம் சொந்தப் பயன்பாட்டுக்காக, சட்டத்துக்குள் நின்று செய்யப் போகிறோம்.

கேசட்டுக்குள் என்ன இருக்கிறது?

டேப் எதுவும் இல்லை. ஒரு சிறிய சர்க்யூட் போர்டு, அதில் ரோம் சிப்கள், அவ்வளவுதான். இதில் உள்ள விவரங்களைக் கம்ப்யூட்டரில் ஒரு ஃபைலாக எடுத்தால் அதன் அளவைப் பார்த்து அசந்துவிடுவீர்கள். 1985-ல் வந்த சூப்பர் மரியோ பிரதர்ஸ் முழுவதும் வெறும் 40 கிலோபைட். உங்கள் செல்ஃபோனில் எடுக்கும் ஒரு ஃபோட்டோவுக்கே இதைப்போல் பல மடங்கு இடம் வேண்டும்.

இந்த ஃபைலை மூன்று துண்டுகளாகப் பிரிக்கலாம்.

1. ஹெட்டர்: முதல் 16 பைட். எமுலேட்டருக்காகச் சேர்க்கப்பட்டது. கேசட்டில் எவ்வளவு ரோம், எந்த வகை போர்டு என்ற குறிப்பு இதில் இருக்கும். இதில் கை வைக்காதீர்கள்.

2. புரோகிராம் ரோம்: மரியோவில் 32,768 பைட். கேமின் விதிகள், ஸ்டேஜ் வரைபடம், இசை எல்லாம் இங்கே.

3. கேரக்டர் ரோம்: மரியோவில் 8,192 பைட். படங்கள் அனைத்தும் இங்கே.

கூட்டிப் பாருங்கள்: 40,976 பைட். கையிலுள்ள ஃபைலின் அளவு இதுவாக இருந்தால் அது சரியான நகல் என்பதற்கு முதல் அடையாளம்.

படத்தை மாற்றுவது

திரையில் தெரியும் எல்லாமே டைல் என்ற சின்னச் சதுரங்களால் ஆனவை. ஒரு டைலுக்கு அகலம் 8 புள்ளி, உயரம் 8 புள்ளி. ஒவ்வொரு புள்ளிக்கும் 2 பிட், அதாவது நான்கு வண்ணங்களில் ஒன்று. ஆக ஒரு டைலுக்கு 16 பைட். 8,192-ஐ 16-ஆல் வகுத்தால் 512. பாதி டைல்கள் மரியோ, காளான் போன்ற அசையும் உருவங்களுக்கு. மீதிப் பாதி செங்கல், குழாய், எழுத்து போன்ற பின்னணிக்கு.

இவற்றைத் திருத்த ஒய்ஒய்-சிஎச்ஆர் என்ற இலவச சாஃப்ட்வேர் இருக்கிறது. அதில் கேம் ஃபைலின் நகல் ஒன்றைத் திறந்து, ஃபார்மேட் பட்டியலில் '2 பிபிபி என்இஎஸ்' என்பதைத் தேர்ந்தெடுங்கள். ஸ்க்ரோல் பாரைக் கடைசிவரை இழுத்தால் டைல்கள் வரிசையாகத் தெரியும். மவுஸால் புள்ளி வைத்து வரைந்து, சேவ் செய்து, எமுலேட்டரில் ஓடவிட்டுப் பாருங்கள்.

இங்கே மூன்று விஷயங்களைக் கவனிக்க வேண்டும்.

வண்ணம் டைலுக்குள் இல்லை. டைல் சொல்வது "முதல் வண்ணம், இரண்டாம் வண்ணம்" என்ற எண்ணை மட்டும்தான். எது நீலம், எது பச்சை என்பதைப் புரோகிராம் முடிவு செய்கிறது. மரியோவில் வானத்து மேகமும் தரையில் இருக்கும் புதரும் ஒரே டைல்கள்தான். வண்ணம் மட்டும்தான் வேறு. எனவே மேகத்தைப் படகாக்கினால் தரையில் பச்சைப் படகு முளைக்கும்!

குப்பை போல் தெரிவதெல்லாம் குப்பை அல்ல. மரியோவின் கடைசி டைல்கள் அர்த்தமற்ற புள்ளிகளாகத் தெரியும். உண்மையில் டைட்டில் திரையின் அமைப்பு விவரத்தைத்தான் இடம் கிடைத்த மூலையில் அங்கே அடைத்து வைத்திருக்கிறார்கள். அழித்தால் டைட்டில் திரை குழம்பிவிடும்.

எல்லா கேமிலும் படங்கள் இப்படி வெளிப்படையாகக் கிடைக்காது. காண்ட்ராவின் அமெரிக்கப் பதிப்பில் கேரக்டர் ரோம் கிடையாது. படங்கள் புரோகிராம் ரோமுக்குள்ளேயே இருந்து, ஆடும்போது தற்காலிக மெமரிக்கு ஏற்றப்படுகின்றன. இத்தகைய கேம்களை இரண்டாம் கட்டத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

திருவொற்றியூர் வாசகர்களுக்கு ஒரு யோசனை. 1984-ல் வந்த எக்சைட்பைக் கேமில் வரும் வண்டியை உங்கள் ஊர் தொழிற்சாலையில் உருவான புல்லட்டாக மாற்றிப் பாருங்களேன்! வண்டி மூக்கைத் தூக்கும் கோணங்களுக்குத் தனித்தனிப் படங்கள் உண்டு. எல்லாவற்றையும் மாற்றினால்தான் வண்டி குதிக்கும்போது பாதி புல்லட், பாதி பழைய பைக் என்று ஆகாது.

விதியை மாற்றுவது

அடுத்து உயிர்களின் எண்ணிக்கை. இதற்கு எஃப்சிஇயுஎக்ஸ் என்ற இலவச எமுலேட்டர் உதவும். இதிலேயே ஹெக்ஸ் எடிட்டர் இருக்கிறது. ஹெக்ஸ் என்றால் 0 முதல் 9 வரை, பிறகு ஏ முதல் எஃப் வரை, மொத்தம் 16 குறிகளால் எண்ணும் முறை.

மரியோ ஃபைலில் ஏ9 02 8டி 5ஏ 07 என்ற ஐந்து பைட்களைத் தேடுங்கள். இதன் பொருள் எளிமையானது. 'ஏ9 02' என்றால் 2 என்ற எண்ணைக் கையில் எடு. '8டி 5ஏ 07' என்றால் அதை 075ஏ என்ற மெமரி அறையில் போடு. அந்த அறையில்தான் மிச்சம் உள்ள உயிர்களின் கணக்கு இருக்கிறது. 0, 1, 2 என எண்ணுவதால் 2 என்றால் மூன்று உயிர். அந்த 02-ஐ 08 ஆக்கினால் ஒன்பது உயிர்.

"அதிகபட்ச எண்ணான எஃப்எஃப் போட்டால் 256 உயிர் கிடைக்குமே?" என்று கேட்பீர்கள். கிடைக்காது. முதல் சாவிலேயே ஆட்டம் முடிந்துவிடும்! ஒவ்வொரு முறையும் ஒன்றைக் கழித்துவிட்டு, விடை பூஜ்யத்துக்குக் கீழே போய்விட்டதா என்று கேம் பார்க்கிறது. இந்தப் பிராசசரின் கணக்கில் 80 முதல் எஃப்எஃப் வரையுள்ள ஹெக்ஸ் எண்கள் மைனஸ் எண்களாகக் கொள்ளப்படும். பேராசைப்பட்டால் ஒரு உயிரோடு சரி. கம்ப்யூட்டர் சயன்ஸ் படிக்கும் பிள்ளைகள் பாடப்புத்தகத்தில் நெட்டுரு போடும் விஷயம் இங்கே விளையாட்டாகப் புரிந்துவிடும்.

வேறு கேமில் எந்த அறையில் உயிர்க் கணக்கு இருக்கிறது என்று எப்படிக் கண்டுபிடிப்பது? எஃப்சிஇயுஎக்ஸில் ரேம் சர்ச் என்ற வசதி உண்டு. இந்த மெஷினின் ரேமே 2 கிலோபைட்தான். அதாவது 2,048 அறைகள். ஒரு உயிரை இழந்துவிட்டு, "மதிப்பு ஒன்று குறைந்த அறைகள் எவை?" என்று தேடுங்கள். நான்கைந்து முறை இப்படிச் செய்தால் ஓரிரு அறைகளே மிஞ்சும்.

தமிழை உள்ளே கொண்டுவருவது

இதுதான் சவாலான பகுதி. ஆங்கிலத்துக்கு 26 எழுத்து, 10 எண். ஆக 36 டைலில் வேலை முடிந்தது. தமிழுக்கு?

8 புள்ளி அகலத்தில் 'ண'வையும் 'ஞ'வையும் படிக்கும்படி வரைவது கடினம். எனவே ஒரு எழுத்துக்கு நான்கு டைல், அதாவது 16-க்கு 16 புள்ளி என்று வைத்துக்கொள்வோம். 247 எழுத்துக்கும் தனி வடிவம் தேவையில்லை. ஒள-வை ஒ, ள இரண்டையும் சேர்த்து எழுதிவிடலாம். உயிர் 11, ஆய்தம் 1, அகர உயிர்மெய் 18, புள்ளி வைத்தவை 18, இகர ஈகார உகர ஊகார வரிசைகளுக்கு 72, தனியே நிற்கும் துணைக்கால், கொம்புகள் 4. மொத்தம் 124 வடிவங்கள். நான்கால் பெருக்கினால் 496 டைல். பின்னணிக்கு ஒரே சமயத்தில் கிடைப்பதோ 256 டைல்தான்!

கம்ப்யூட்டரில் தமிழ் வந்த கதையை அறிந்தவர்களுக்கு இந்த 256 பழகிய தலைவலி. யூனிகோட் பரவுவதற்கு முன், 1999-ல் தமிழக அரசு அறிவித்த டாம், டாப் எழுத்துருத் தரங்களும் இதே 256 இடத்துக்குள்தான் தமிழை மடக்கி உட்கார வைத்தன.

தீர்வு என்ன? முழு அரிச்சுவடியும் வேண்டாம். தேவையான சொற்களுக்கு மட்டும் எழுத்து செய்யுங்கள். டைட்டில் திரையில் 'விளையாடு' என்று வர வேண்டும் என்றால் வி, ை, ள, ய, ா, டு என ஆறு வடிவங்கள் போதும். 24 டைல், 384 பைட். திரையின் அகலம் 256 புள்ளி. இந்தச் சொல் எடுத்துக்கொள்வது 96 புள்ளி. தாராளமாக இடம் இருக்கிறது.

கேமில் தமிழ் என்பது வெறும் ஆசை அல்ல. டொரண்டோவின் விசை கேம்ஸ் 2023-ல் வெளியிட்ட 'வெண்பா' என்ற சமையல் கேம், கனடாவில் குடியேறிய தமிழ்க் குடும்பத்தைப் பற்றியது. 2024-ல் பாஃப்டாவின் சிறந்த அறிமுக கேம் விருதை அது பெற்றது. நம் பரணில் கிடக்கும் பெட்டி மட்டும் தமிழ் பேசக் கூடாதா?

சட்டம் என்ன சொல்கிறது?

1957-ம் ஆண்டின் இந்தியக் காப்புரிமைச் சட்டம், பிரிவு 52(1)-ல் இதற்கு இடம் தருகிறது. நேர்மையான வழியில் பெற்ற கம்ப்யூட்டர் புரோகிராமை, வணிக நோக்கமில்லாத சொந்தப் பயன்பாட்டுக்காக நகலெடுக்கவும் மாற்றி அமைக்கவும் செய்யலாம். ஆனால் "999999 இன் 1" கேசட்டை நேர்மையான பிரதி என்று சொல்ல முடியாது. இன்டர்நெட்டில் இறக்கிய ரோம் ஃபைலும் அப்படியே. மேலும் 2012-ல் சேர்க்கப்பட்ட 65ஏ பிரிவின்படி, உரிமையை மீறும் நோக்கத்தோடு பாதுகாப்புப் பூட்டை உடைப்பதற்கு இரண்டு ஆண்டு வரை சிறைத் தண்டனை உண்டு.

மாற்றிய கேமை நண்பருக்குக் கொடுக்க விரும்பினால் முழு ஃபைலையும் கொடுக்காதீர்கள். லூனார் ஐபிஎஸ் போன்ற சாஃப்ட்வேரால் பேட்ச் ஃபைல் ஒன்றை உருவாக்குங்கள். எந்த இடத்தில் எந்த பைட் மாறியது என்ற பட்டியல் மட்டும் அதில் இருக்கும். உலகெங்கும் கேம் மாற்றுபவர்கள் பின்பற்றும் வழக்கம் இதுதான்.

எந்தக் கவலையும் இல்லாமல் ஆரம்பிக்க வேண்டுமா? இதே மெஷினுக்காக ஆர்வலர்கள் புதிதாக எழுதி, சோர்ஸ் கோடுடன் இலவசமாக வழங்கும் கேம்கள் இருக்கின்றன. 'கான்சென்ட்ரேஷன் ரூம்' அதில் ஒன்று. ஜோடிச் சீட்டுகளை நினைவில் வைத்துத் திருப்பும் ஆட்டம். சீட்டுப் படங்களின் இடத்தில் அ, ஆ, இ வைத்தால் வீட்டுக் குழந்தைக்குத் தமிழ் பாடம் தயார்.

பெட்டியை எடுக்கும் முன்...

* கேசட் ஓடவில்லை என்றால் வாயால் ஊதாதீர்கள். எச்சில் ஈரம் உலோகப் பற்களை அரிக்கும். ராயபுரம், எண்ணூர் உப்புக் காற்றில் அது இன்னும் வேகமாக நடக்கும். ஐசோப்ரொப்பைல் ஆல்கஹாலைப் பஞ்சுக் குச்சியில் தொட்டுத் துடைத்து, நன்றாகக் காய்ந்த பிறகு போடுங்கள்.

* அடாப்டர் தொலைந்திருந்தால் கிடைத்ததைச் சொருகாதீர்கள். வோல்டேஜ் மட்டுமல்ல, பிளஸ், மைனஸ் முனைகளும் பொருந்த வேண்டும்.

* மலிவுக் கேசட்டுகளில் சிப்பின் மேல் கறுப்புப் பசை ஊற்றி மூடியிருப்பார்கள். அதில் புதிதாக எழுத முடியாது. மாற்றிய கேமைப் பெட்டியிலேயே ஓட்ட, மெமரி கார்டு போடும் ஃப்ளாஷ் கேசட் தேவை. நம் ஊர்ப் பெட்டிகளுக்கு 60 பின் வகையைக் கேட்டு வாங்குங்கள். அமெரிக்க மாடலின் 72 பின் பொருந்தாது.

* ஒவ்வொரு மாற்றத்துக்கும் முன் ஃபைலை வேறு பெயரில் சேவ் செய்யுங்கள். ஒரே நேரத்தில் ஒரே மாற்றம். எதனால் கெட்டது என்பது உடனே தெரிந்துவிடும்.

முதல் நாளே முழு கேமையும் மாற்ற முயலாதீர்கள். ஒரே ஒரு டைலை எடுத்துக்கொள்ளுங்கள். 8-க்கு 8 கட்டம் போட்ட நோட்டில் பென்சிலால் வரைந்து பார்த்துவிட்டு, பிறகு கம்ப்யூட்டருக்கு வாருங்கள். அறுபத்து நான்கு புள்ளிகள்தான். விடுமுறை நாளில் ஒரு மணி நேர வேலை.