பழி மிளகாய்க்கு, பாவம் உப்புக்கு

அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தில் லாஃபாயெட் நகரைச் சுற்றியுள்ள ஊர்களில், காலை நேரத்தில் பெட்ரோல் பங்க் வாசலிலேயே நின்று சூடான சாசேஜைப் பிதுக்கிச் சாப்பிடுகிறவர்களைப் பார்க்கலாம். அரிசி, பன்றியிறைச்சி, ஈரல் மூன்றையும் வேகவைத்துக் குடலில் அடைத்த 'பூடான்' அது. வீட்டில் கொஞ்சம் நேரம் இருந்தால் வேறு வகை. புகையூட்டிய ஆண்டூயி சாசேஜை வட்டவட்டமாக நறுக்கி இரும்பு வாணலியில் போடுவார்கள். அதோடு வெங்காயம், செலரி, பச்சைக் குடைமிளகாய் சேர்த்து வதக்கி, கேயன் மிளகாய்த்தூள் தூவி, முட்டையை உடைத்து ஊற்றிக் கிளறுவார்கள். தொட்டுக்கொள்ள பிஸ்கட். நாம் டீயில் தோய்ப்பது அல்ல. வெண்ணெய் சேர்த்துச் சுடும் மெத்தென்ற உப்பு ரொட்டி.

கேஜன் சமையல் என்று பெயர். நம் ஊர் பஃபே உணவகங்களில் கேஜன் உருளைக்கிழங்கு என்று வருகிறதே, அந்தக் கேஜன்தான். மசாலா புட்டியும் சாசேஜ் பாக்கெட்டும் இங்கே பெரிய கடைகளில் கிடைப்பதால், கல்லூரி விடுதியை விட்டு வெளியே அறை எடுத்துத் தங்கும் பிள்ளைகளுக்கு இது பத்து நிமிட டிபன் ஆகிவிட்டது. வீட்டுப் பெரியவர்கள் பார்த்தால் முதலில் சொல்வது, "காலங்காத்தால இவ்வளவு காரமா? வயிறு புண்ணாயிடும்" என்பதுதான். அந்தத் தட்டில் கவலைப்பட வேண்டியவற்றை வரிசைப்படுத்தினால் காரத்துக்குக் கடைசி இடம்.

மிளகாய் என்ன செய்கிறது

மிளகாயில் உள்ள கேப்சைசின் வாயைச் சுடுவதில்லை. சுடுகிறது என்று நரம்பை நம்பவைக்கிறது. ஏறக்குறைய 43 டிகிரி செல்சியஸுக்கு மேற்பட்ட சூட்டை மூளைக்குச் சொல்லும் ஓர் உணரி நம் நரம்பு முனைகளில் இருக்கிறது. கேப்சைசின் போய் ஒட்டுவது அதே உணரியில். இதைக் கண்டறிந்த டேவிட் ஜூலியஸ் 2021இல் மருத்துவ நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டார். குடல் நெடுகிலும் கடைசி வாசல் வரையிலும் இதே உணரி உண்டு என்பதை, முதல் நாள் காரத்தை மறுநாள் காலையில் உணர்ந்தவர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. தண்ணீர் குடித்தால் எரிச்சல் அடங்காது, கேப்சைசின் தண்ணீரில் கரையாது. பாலும் தயிரும் அடக்கும்.

வயிற்றுப்புண் வேறு கதை. பெரும்பாலான இரைப்பைப் புண்களுக்குக் காரணம் ஹெலிகோபாக்டர் பைலோரி என்ற பாக்டீரியா. அடுத்தது வலி மாத்திரைகளை இஷ்டத்துக்கு விழுங்குவது. ஆஸ்திரேலிய மருத்துவர் பாரி மார்ஷல் 1984இல் அந்தக் கிருமியைத் தானே குடித்து இரைப்பை அழற்சியை வரவழைத்துக் காட்டினார். அவருக்கும் ராபின் வாரனுக்கும் 2005இல் நோபல் கிடைத்தது. இவ்வளவுக்குப் பிறகும் நாம் மிளகாயைத்தான் திட்டிக்கொண்டிருக்கிறோம்.

புண் ஏற்கெனவே இருப்பவர்களுக்குக் காரம் எரிச்சலைக் கூட்டும் என்பது உண்மை. நெஞ்செரிச்சல் உள்ளவர்களுக்கும் அப்படியே. ஆனால் அவர்கள் கவனிக்க வேண்டிய இன்னொன்று அதே வாணலியில் இருக்கிறது. கொழுப்பு மிகுந்த உணவு இரைப்பையை விட்டு நகரத் தாமதமாகும். அமிலம் மேலே ஏற அது வழி செய்யும். சாசேஜிலிருந்து உருகிய நெய்யில் முட்டையைப் பொரித்துவிட்டு, மிளகாய்த்தூளை மட்டும் பாதியாகக் குறைப்பதில் அர்த்தமில்லை.

குளிர்பெட்டி இல்லாத காலத்து உப்பு

கேஜன் மக்களின் முன்னோர் பிரெஞ்சுக்காரர்கள். இன்றைய கனடாவின் கிழக்குக் கரையில் அகேடியா என்ற பகுதியில் குடியேறி விவசாயம் செய்தவர்கள். 1755இல் பிரிட்டிஷார் அவர்களை அங்கிருந்து விரட்டத் தொடங்கினார்கள். திக்குக்கு ஒருவராகச் சிதறியவர்களில் ஒரு பகுதியினர் 1760களில் லூசியானாவின் சதுப்பு நிலத்துக்கு வந்து சேர்ந்தார்கள். குளிர்காலத்தில் ஊரே கூடி ஒரு பன்றியை வெட்டுவார்கள். பூஷரி என்ற இந்தக் கூட்டு வேலையில் தோல், தலை, ஈரல் எதுவும் வீணாகாது. அன்றே தின்ன முடியாததை உப்பிட்டார்கள், புகையில் கட்டினார்கள். ஆண்டூயி அந்த வழியில் வந்தது: பெரிதாக வெட்டிய பன்றிக்கறி, பூண்டு, மிளகு, உப்பு, மணிக்கணக்கில் புகை. நியூ ஆர்லியன்ஸுக்கு மேற்கே மிசிசிப்பி ஆற்றங்கரையில் உள்ள லாப்ளாஸ் என்ற ஊர் இன்றும் இதற்காகவே பெயர்பெற்றது.

அந்த உப்பு ருசிக்காக மட்டும் சேர்ந்ததல்ல. கறி கெடாமலிருக்கச் சேர்ந்தது. கருவாட்டுக் குழம்புக்கு நாலு துண்டு கருவாடு போதும் என்பது நமக்குத் தெரியும். சட்டி நிறையக் கருவாட்டை யாரும் அள்ளிப் போடுவதில்லை. ஆண்டூயியும் அப்படிக் கொஞ்சமாகப் போட்டு, பானை முழுவதையும் மணக்கச் செய்ய வேண்டிய பொருள். பிற்காலத்தில் குளிர்பெட்டி வந்தது, பண்ணை இறைச்சி மலிந்தது, சாசேஜ் தட்டின் நடுவுக்கு வந்துவிட்டது. உப்பு மட்டும் குறையவில்லை.

தட்டில் எவ்வளவு சோடியம்

உலக சுகாதார நிறுவனம் பெரியவர்களுக்குச் சொல்லும் வரம்பு ஒரு நாளைக்கு 2,000 மில்லிகிராம் சோடியத்துக்குள். உப்பாகச் சொன்னால் 5 கிராம், ஒரு தேக்கரண்டிக்கும் சற்றுக் குறைவு.

இப்போது ஒரு ஆளுக்கான தட்டைக் கணக்குப் பார்ப்போம். இரண்டு முட்டையில் இயல்பாகவே 140 மி.கி. சோடியம் உண்டு. 85 கிராம் ஆண்டூயியில் சுமார் 700. கேஜன் மசாலா அரைத் தேக்கரண்டி; பெயர்பெற்ற லூசியானா மசாலாக்கள் சிலவற்றில் கால் தேக்கரண்டியிலேயே 350 மி.கி. இருப்பதால் இதற்கு 700. பிஸ்கட் ஒன்றுக்குக் குறைந்தது 500. கூட்டினால் 2,040. மதியச் சாம்பாரும் மாலை மிக்சரும் இன்னும் பாக்கி இருக்க, அன்றைய கோட்டா காலை எட்டு மணிக்கே முடிந்துவிடுகிறது.

மசாலா புட்டியைத் திருப்பி, அதில் சேர்ந்த பொருட்களின் பட்டியலைப் படியுங்கள். அதிகமாக உள்ளதுதான் முதலில் வரும். பெரும்பாலும் முதல் சொல் 'உப்பு' என்றே இருக்கும்; மிளகாய் பின்னால் நிற்கும். பாப்ரிகா மிளகாய்த்தூளின் செந்நிறத்தைப் பார்த்து நாம் வாங்குவது பாதி உப்பை.

மிளகாய் சாஸ்களிலும் ஏற்றத்தாழ்வு உண்டு. லூசியானாவின் ஏவரி தீவில் 1868 முதல் தயாராகும் டபாஸ்கோவில் ஒரு தேக்கரண்டிக்கு 35 மி.கி.தான். வேறு சில சாஸ்களில் அதே அளவுக்கு 200ஐ நெருங்கும். காரம் கூடினால் உப்பும் கூடும் என்று அர்த்தமில்லை.

உப்பைக் குறைத்தால் ரத்த அழுத்தம் குறையும் என்பதை உறுதிசெய்த ஆய்வுகளில் முக்கியமான ஒன்றில் லூசியானாவுக்கே பங்குண்டு. காய், பழம், கொழுப்பு குறைந்த பால் பொருட்களை மையமாக வைத்த 'டேஷ்' உணவுமுறையைச் சோதித்த நான்கு ஆய்வு மையங்களில் ஒன்று, பேட்டன் ரூஜ் நகரில் உள்ள பென்னிங்டன் நிறுவனம். முதல் முடிவுகள் 1997இல் வந்தன. உப்பைப் படிப்படியாகக் குறைத்துப் பார்த்த அடுத்த ஆய்வு 2001இல் வெளியானது. உப்பு குறையக் குறைய அழுத்தமும் இறங்கியது. பக்கவாத மரணங்கள் மிகுந்த மாநிலங்களைச் சேர்த்து 'பக்கவாத வளையம்' என்று அமெரிக்க மருத்துவர்கள் குறிக்கும் பகுதியில்தான் லூசியானாவும் இருக்கிறது.

சாசேஜ் மீதான இன்னொரு புகார்

2015 அக்டோபரில், பதப்படுத்திய இறைச்சியைப் புற்றுநோய் உண்டாக்கும் பொருட்களின் முதல் பிரிவில் சேர்த்தது உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை. புகையிலையும் அந்தப் பிரிவில்தான் இருக்கிறது என்று அன்று தலைப்புச் செய்திகள் அலறின. இரண்டும் ஒரே அளவு ஆபத்து என்று அதற்குப் பொருளல்ல. ஆதாரம் எவ்வளவு உறுதி என்பதை மட்டுமே அந்தப் பிரிவு சொல்கிறது. தினமும் 50 கிராம் சாப்பிட்டால் பெருங்குடல், மலக்குடல் புற்றுநோய் அபாயம் 18 சதவீதம் கூடும் என்பது அவர்கள் கணிப்பு. நூறு பேரில் ஐந்து பேருக்கு வரக்கூடியது ஆறு பேருக்கு வரும் என்கிற அளவு. மாதம் ஒருமுறை சாப்பிடுகிறவர் தூக்கம் கெட வேண்டாம். தினமும் சாப்பிடுகிறவர் யோசிக்க வேண்டும்.

இதில் நைட்ரைட்டுக்குப் பங்கு உண்டு. சாசேஜின் இளஞ்சிவப்பைக் காப்பதும் கிருமியைத் தடுப்பதும் அதுதான். அதிகச் சூட்டில் புரதச் சிதைவுகளோடு சேர்ந்து நைட்ரோசமைன்கள் உருவாக வழி செய்வதும் அதுதான். 'நைட்ரைட் சேர்க்கவில்லை' என்று அச்சிட்ட பாக்கெட்டைப் பார்த்து நிம்மதி அடைய வேண்டாம். அவற்றில் பலவற்றில் செலரிப் பொடி இருக்கும். செலரியில் இயற்கையாக உள்ள நைட்ரேட்டை நைட்ரைட்டாக மாற்றிச் சேர்த்திருப்பார்கள். வந்த வழிதான் வேறு, பொருள் ஒன்றே.

சிக்கன் சாசேஜ் நல்லதா என்று கேட்பார்கள். கொழுப்பு குறையலாம், உப்பு பெரும்பாலும் குறையாது. அதுவும் பதப்படுத்திய இறைச்சிதான். பாக்கெட்டின் பின்புறம் 100 கிராமுக்குச் சோடியம் 600 மி.கி.க்கு மேல் இருந்தால், பிரிட்டனின் லேபிள் முறையில் அதற்குச் சிவப்புப் புள்ளி. நம் கடையில் எடுக்கும்போதும் அந்த எண்ணை மனதில் வைக்கலாம்.

முட்டையைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. ஒன்றில் 6 கிராம் புரதம், 186 மி.கி. கொலஸ்ட்ரால். நாளுக்கு 300 மி.கி. கொலஸ்ட்ரால் என்ற பழைய உச்சவரம்பை அமெரிக்க உணவு வழிகாட்டி 2015-2020 பதிப்பில் கைவிட்டது. உடல்நலத்தோடு இருப்பவருக்கு நாளுக்கு ஒரு முட்டை பயமில்லை. சர்க்கரை நோயோ இதய நோயோ இருப்பவர்கள் மருத்துவரிடம் கேட்டுக்கொள்வது நல்லது.

வாணலியில் செய்ய வேண்டிய மாற்றம்

இருவருக்கு 50 கிராம் சாசேஜ் போதும். மெல்லிய வில்லைகளாக நறுக்கி, சூடாகாத வாணலியில் எண்ணெய் ஊற்றாமல் போட்டு, சிறு தீயில் வையுங்கள். மெதுவாகக் கொழுப்பு உருகி வரும், ஓரங்கள் சுருளும். கருக விடாமல் வில்லைகளை எடுத்துத் தனியே வைத்து, ஒரு தேக்கரண்டி கொழுப்பை மட்டும் விட்டுவிட்டு மிச்சத்தை வழித்துக் கொட்டுங்கள். வாணலியின் அடியில் பழுப்பாக ஒட்டியிருப்பதைச் சுரண்டிவிடாதீர்கள். வாசனை எல்லாம் அங்கேதான் இருக்கிறது.

பெரிய வெங்காயம் ஒன்று, குடைமிளகாய் ஒன்று, செலரித் தண்டு இரண்டு, எல்லாம் பொடியாக. வழக்கமாகப் போடுவதைப் போல் இது இரு மடங்கு. வெங்காயம் விடும் தண்ணீரில் அடிப்பழுப்பு தானாகக் கரைந்து காய் முழுவதும் ஏறும். கண்ணாடி போல் ஆன பிறகு பூண்டும் மசாலாவும். காய்ந்த வாணலியில் கேயன் தூளைப் போட்டால் நெடி ஏறி வீடே இருமும். ஆஸ்துமா உள்ளவர்கள் இருக்கும் வீட்டில் கூடவே கூடாது.

மசாலாவை வீட்டிலேயே கலக்கலாம். பாப்ரிகா இரண்டு பங்கு, பூண்டுத்தூள், வெங்காயத்தூள், மிளகு, தைம், ஆரிகனோ ஒவ்வொரு பங்கு, கேயன் அரைப் பங்கு. பாப்ரிகா கிடைக்காவிட்டால் காஷ்மீரி மிளகாய்த்தூள். உப்பு சேர்க்கவே வேண்டாம், சாசேஜ் அதைக் கொண்டுவந்துவிட்டது. நான்கு முட்டையை அடித்து ஊற்றி, தீயைக் குறைத்துக் கிளறி, வழியும் ஈரம் போனதும் வில்லைகளைத் திருப்பிப் போட்டு இறக்குங்கள். கர்ப்பிணிகள், குழந்தைகள், முதியவர்கள் சாப்பிடுவதாக இருந்தால் முட்டை நன்றாக இறுகட்டும். சால்மோனெல்லா கிருமியைக் கொல்ல 71 டிகிரிச் சூடு வேண்டும். பச்சையாக விற்கும் பன்றியிறைச்சி சாசேஜுக்கும் அதே 71தான், சிக்கன் சாசேஜுக்கு 74.

சாப்பிட்டுப் பார்த்து ஏதோ குறைகிறது என்று தோன்றினால் உப்பு ஜாடியை எடுக்காமல், நாலு சொட்டு எலுமிச்சையோ வினிகரோ விடுங்கள். புளிப்பு வந்ததும் உப்பு குறைந்தது நாக்குக்குத் தெரியாது. பிஸ்கட்டுக்குப் பதில் உப்பில்லாத சப்பாத்தியோ வேகவைத்த உருளைக்கிழங்கோ.

யார் தள்ளி நிற்க வேண்டும்

ரத்த அழுத்தம், இதயச் செயலிழப்பு, சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் சாசேஜை அறவே விட்டு, காளானை நன்றாக வறுத்து அந்த இடத்தில் போடலாம். புகை வாசனைக்குப் புகையூட்டிய பாப்ரிகா கிடைக்கிறது. சோடியம் குறைந்த உப்பு என்று விற்கும் பாக்கெட்டை இவர்கள் தாமாக வாங்கிப் பயன்படுத்தக் கூடாது. அதில் சோடியத்துக்குப் பதில் பொட்டாசியம் இருக்கும். சிறுநீரகம் பழுதானவர்களுக்கும், ராமிபிரில், டெல்மிசார்டான், ஸ்பைரனோலாக்டோன் போன்ற மாத்திரை எடுப்பவர்களுக்கும் ரத்தத்தில் பொட்டாசியம் ஏறி இதயத் துடிப்பையே தடுமாறச் செய்யலாம். அந்தப் பாக்கெட்டை வாங்கும் முன் மருத்துவரிடம் கேளுங்கள்.