மாசக் கடைசியில் பால் டப்பா

அமெரிக்காவில் விற்கும் குழந்தைப் பால்பவுடரில் ஏறத்தாழ பாதி, ஒரே ஒரு அரசுத் திட்டத்தின் வழியாகத்தான் வீடுகளுக்குப் போகிறது. 1972-ல் சோதனையாகத் தொடங்கி 1975-ல் நிரந்தரமான அதை எல்லோரும் ‘விக்’ என்பார்கள். கர்ப்பிணிகள், பிள்ளை பெற்றவர்கள், ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகள் ஆகியோருக்கான சத்துணவுத் திட்டம். அங்கே படிக்கப் போன நம்மவர்களிடம் கேட்டால், “அதெல்லாம் சோத்துக்கு வழியில்லாதவங்களுக்கு” என்பார்கள். கணக்கைப் பார்த்தால் அப்படி இல்லை.

வருமான வரம்பு, மத்திய வறுமைக்கோட்டின் 185 சதவீதம். 2025 ஜூலை முதல் ஓராண்டுக்கு, அலாஸ்காவும் ஹவாயும் தவிர்த்த மாநிலங்களில், மூன்று பேர் உள்ள வீட்டுக்கு அது ஆண்டுக்கு 49,303 டாலர். கர்ப்பிணியின் வயிற்றில் இருக்கும் குழந்தையையும் ஒரு தலையாகச் சேர்ப்பார்கள். ஆகவே கணவன், மனைவி இருவர்தான் என்றாலும் கணக்கு மூன்று. ஆராய்ச்சி மாணவரின் உதவித்தொகையை மட்டும் நம்பியிருக்கும் வீடு இதற்குள் எளிதாக அடங்கிவிடும். மெடிக்கெய்ட் என்ற அரசு மருத்துவக் காப்பீடு இருந்தால் வருமானத்தைத் தனியாக நிரூபிக்க வேண்டியதில்லை. ஆறு மாதத்துக்குட்பட்ட குழந்தைக்கோ கர்ப்பிணிக்கோ கேட்டால், தகுதி உண்டா இல்லையா என்பதைப் பத்து நாளுக்குள் சொல்லியாக வேண்டும்.

விசா பயம் இன்னொன்று. திட்டத்தின் மத்திய விதிகளில் குடியுரிமை நிபந்தனை கிடையாது. 2022-ல் வந்த குடியேற்ற விதிப்படி, அரசுக்குச் சுமையாவாரா என்று பார்க்கும்போது விக் உதவியைக் கணக்கில் எடுப்பதில்லை. ஆனால் இந்த விஷயம் ஆட்சிக்கு ஆட்சி மாறக்கூடியது. கிரீன் கார்டுக்கு விண்ணப்பிக்கப் போகிறவர்கள் குடியேற்ற வழக்கறிஞரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளட்டும், வாட்ஸாப் குழுவில் அல்ல.

பால்பவுடர் வாங்குவதற்கான விக் அட்டை கைக்கு வந்த பிறகு முதல் சிக்கல் கடையில் வரும். ஒவ்வொரு மாநிலமும் போட்டி ஏலம் நடத்தி ஒரே ஒரு நிறுவனத்தோடு ஒப்பந்தம் போடுகிறது. டப்பாவுக்கு இவ்வளவு என்று அந்த நிறுவனம் மாநிலத்துக்குப் பெரும் தள்ளுபடி தரும். மிச்சமாகும் காசில் இன்னும் பல குழந்தைகளைச் சேர்க்க முடிகிறது. அதனால் அட்டையில் ஏறியிருக்கும் பிராண்டும் அளவும்தான் செல்லும். 12.4 அவுன்ஸ் டப்பா என்றிருந்தால், அதே பவுடரின் பெரிய டப்பாவை நீட்டினாலும் இயந்திரம் ஏற்காது. பில்லின் அடியில் மீதி எத்தனை டப்பா, எந்தத் தேதி வரை என்று அச்சாகியிருக்கும். அதைக் கிழித்துப் போடாதீர்கள். மீந்தது அடுத்த மாதத்துக்கு வராது.

ஒரே நிறுவனம் என்பதன் ஆபத்து 2022-ல் வெளிப்பட்டது. மிச்சிகனில் ஸ்டர்ஜிஸ் ஊரில் உள்ள, அபாட் என்ற பால்பவுடர் நிறுவனத்தின் ஆலையில் தயாரான பவுடர்கள் பிப்ரவரியில் திரும்பப் பெறப்பட்டு ஆலையும் மூடப்பட, தாய்மார்கள் கடை கடையாக அலைந்தார்கள். அதற்குப் பிறகுதான், நெருக்கடியில் வேறு பிராண்டை அனுமதிக்க வழிசெய்யும் சட்டம் அந்த மே மாதம் வந்தது.

குழந்தைக்குப் பசும்பால் புரத ஒவ்வாமை இருந்து, மலத்தில் ரத்தம் வருகிறது என்றால் ஒப்பந்தப் பிராண்டோடு மல்லுக்கட்ட வேண்டாம். மருத்துவர் அதற்கான படிவத்தில் நோய், பவுடரின் பெயர், அளவு, எத்தனை மாதம் என்று எழுதிக் கையெழுத்திட்டால் விலை உயர்ந்த சிறப்புப் பவுடரையும் திட்டமே தரும். இதைக் கேட்கத் தெரியாமல் கைக்காசைக் கரைப்பவர்கள் உண்டு.

உண்மையான ஆபத்து மாசக் கடைசியில்தான். தாய்ப்பால் இல்லாமல் பவுடர் மட்டுமே குடிக்கும் குழந்தைக்கு, முதல் மாதங்களில் அந்த 12.4 அவுன்ஸ் டப்பா மாதத்துக்கு ஒன்பது வரை கிடைக்கும். இது துணை உதவிதான், முழுத் தேவை அல்ல. டப்பா காலியாகும்போது ஒரு கரண்டி பவுடருக்குத் தண்ணீரைக் கொஞ்சம் கூட்டிவிடத் தோன்றும். கூடவே கூடாது. ரத்தத்தில் உப்பு குறைந்து குழந்தைக்கு வலிப்பே வரலாம். வீட்டில் தானே தயாரிக்கும் கலவைகளும் வேண்டாம். தாய்ப்பாலும் கொடுத்துவந்தவர் என்றால், விக் அலுவலகத்துக்குப் போன் போட்டு, தாய்ப்பால் குறைந்துவிட்டது, அளவை மாற்றுங்கள் என்று சொல்லுங்கள். 211 என்ற எண்ணை அழைத்தால் அருகில் உள்ள உணவு வங்கியைச் சொல்வார்கள். மறுபக்கம், மிஞ்சிய டப்பாவை இணையத்தில் விற்பதும் குற்றம். பணத்தைத் திருப்பிக் கேட்பார்கள், ஓராண்டு வரை விலக்கியும் வைக்கலாம்.

உதவியை மறுத்தாலோ நிறுத்தினாலோ காரணத்தை எழுத்தில் தர வேண்டும். விசாரணை கேட்க உங்களுக்குக் குறைந்தது 60 நாள் உண்டு. இடையில் நிறுத்தும் உத்தரவு என்றால் 15 நாளுக்குள் கேட்டுவிடுங்கள், முடிவு வரும்வரை பால் நிற்காது. தகுதிக்காலமே முடிந்திருந்தால் மட்டும் இது பொருந்தாது. மொழிபெயர்ப்பாளர் இலவசம். அப்பாயின்ட்மென்ட் வாங்கும்போதே ‘தமிழ்’ என்று அழுத்திச் சொல்லுங்கள், இந்தியா என்றதும் இந்தி பேசுபவரைப் போனில் இணைத்துவிட வாய்ப்புண்டு.