பதின்மூன்று தந்தி, ஒரே கணக்கு

உங்களுக்கு ஒரு புதிர். நீளமான மரப்பெட்டி ஒன்று. அதன் மேல் இந்த முனையிலிருந்து அந்த முனை வரை 13 தந்திகள். எல்லாம் ஒரே தடிமன். எல்லாம் கிட்டத்தட்ட ஒரே இறுக்கம். அப்படியானால் எந்தத் தந்தியை மீட்டினாலும் ஒரே ஒலிதானே வர வேண்டும்? வருவதில்லை! ஒன்று அடித்தொண்டையில் பேசுகிறது, ஒன்று கீச்சுக் குரலில் பாடுகிறது. எப்படி?

அந்தப் பெட்டியின் பெயர் கோட்டோ. ஜப்பானியர்களின் பழைய இசைக்கருவி. நாரா காலம் என்று சொல்லப்படும் 710 முதல் 794 வரையிலான ஆண்டுகளில் சீனாவிலிருந்து ஜப்பானுக்கு வந்தது. முதலில் அரண்மனையில் மட்டும் ஒலித்தது. பிறகு மெல்ல மெல்ல வீடுகளுக்கும் பள்ளிக்கூடங்களுக்கும் வந்து சேர்ந்தது.

கியோட்டோ, டோக்கியோ போன்ற நகரங்களில் சுற்றுலா வருபவர்களுக்கு ஒரு மணி நேரம், இரண்டு மணி நேரம் கோட்டோ சொல்லித்தரும் இடங்கள் இருக்கின்றன. நானும் கியோட்டோ போயிருந்தபோது அப்படி ஓர் இடத்துக்குப் போனேன். காலணியை வாசலில் கழற்றிவிட்டு, பாய் விரித்த அறைக்குள் போனால், கிட்டத்தட்ட 180 செ.மீ. நீளத்தில் கோட்டோ காத்திருந்தது. நன்கு வளர்ந்த ஓர் ஆளின் உயரம்!

கோட்டோவைப் படுத்திருக்கும் டிராகன் என்று ஜப்பானியர்கள் சொல்வார்கள். வாசிப்பவரின் வலக்கைப் பக்கம் அதன் தலை, இடக்கைப் பக்கம் வால். நாமும் இனிமேல் தலைப்பக்கம், வால்பக்கம் என்றே பேசுவோம்.

வலக்கையின் கட்டைவிரல், ஆள்காட்டி விரல், நடுவிரல் மூன்றிலும் ‘நகம்’ மாட்டிவிட்டார் ஆசிரியை. மோதிரம் போன்ற ஒரு தோல் வளையம், அதில் ஒட்டிய சின்ன வெள்ளைத் தகடு. இக்குதா என்ற பாணியில் வாசிப்பவர்களின் நகம் சதுரமாக இருக்கும். யமதா பாணிக்காரர்களின் நகம் நுனி வளைந்திருக்கும். எனக்குக் கிடைத்தது சதுரம். கட்டைவிரலால் தந்தியைத் தள்ளினேன். ‘டிங்’ என்று கிளம்பிய ஒலி அடங்கவே கொஞ்ச நேரம் பிடித்தது.

இசைக்குறிப்பு படிக்கத் தெரியாதே என்று கவலைப்படத் தேவையில்லை. கோட்டோவுக்கான குறிப்பில் எந்தத் தந்தியை மீட்ட வேண்டுமோ அந்தத் தந்தியின் எண்ணையே எழுதிவிடுகிறார்கள். எண்ணத் தெரிந்தால் போதும், ‘சகுரா சகுரா’ என்ற செர்ரிப்பூப் பாட்டை முதல் வகுப்பிலேயே ஒருவழியாக வாசித்துவிடலாம். ஆனால் எனக்குப் பாட்டைவிட அந்தப் பெட்டியின் மேலே நின்றிருந்தவைதான் பெரிய வேடிக்கை.

குதிரைகள் நிற்கும் இடம்

ஒவ்வொரு தந்திக்கும் அடியில், இரண்டு கால் விரித்தபடி ஒரு சின்னக் கட்டை நிற்கிறது. ஜப்பானியர் இதை ‘ஜி’ என்பார்கள். வீணையிலும் வயலினிலும் தந்தியைத் தாங்கும் கட்டையை நாம் குதிரை என்கிறோம் இல்லையா, அதே வேலைதான் இதற்கும். வீணைக்கு ஒரே பெரிய குதிரை. கோட்டோவுக்கோ தந்திக்கு ஒன்றாக 13. பசை கிடையாது, ஆணி கிடையாது. தந்தி மேலிருந்து அழுத்துவதால் மட்டுமே நிற்கின்றன. இடித்துவிட்டால் விழுந்துவிடும், தள்ளினால் நகரும்.

நகரும் என்பதில்தான் புதிருக்கு விடை இருக்கிறது. மீட்டும்போது பாடுவது முழுத் தந்தி அல்ல, தலைப்பக்கக் கட்டைக்கும் குதிரைக்கும் இடைப்பட்ட பகுதி மட்டும்தான். குதிரையைத் தலைப்பக்கம் நகர்த்தினால் அந்தப் பகுதி குட்டையாகும். குட்டைத் தந்தி வேகமாக அதிரும். வேகமாக அதிர்ந்தால் சுரம் ஏறும். நீளம் பாதியானால் அதிர்வு சரியாக இரண்டு மடங்கு. அதைத்தான் கீழ் ‘ச’வுக்கு மேல் ‘ச’ என்று இசையில் சொல்கிறோம்.

கோட்டோவில் அதிகம் பயன்படும் சுருதியமைப்பின் பெயர் ஹிராஜோஷி. அதில் 5 சுரங்கள்தான் மாறி மாறி வரும். ஆகவே 2-ஆம் தந்தியின் சுரமே 7-ஆம் தந்தியில் ஒரு படி மேலே வரும். 12-ஆம் தந்தியில் இன்னொரு படி மேலே. 2-ஆம் தந்தி நொடிக்கு 196 முறை அதிர்ந்தால், 7-ஆம் தந்தி 392 முறை, 12-ஆம் தந்தி 784 முறை.

நீளத்துக்கு வருவோம். 2-ஆம் தந்தியில் பாடும் பகுதி 120 செ.மீ. என்று வைத்துக்கொள்வோம். 7-ஆம் தந்தியில் அது சுமார் 60, 12-ஆம் தந்தியில் சுமார் 30. முதல் 5 தந்திகளுக்கு 60 செ.மீ. குறைகிறது, அடுத்த 5 தந்திகளுக்கு 30 செ.மீ.தான் குறைகிறது. அதனால்தான் குதிரைகளின் வரிசை நேர்கோடாக இல்லாமல் வளைந்து போகிறது. வால்பக்கம் இடைவெளி தாராளம், தலைப்பக்கம் நெருக்கடி. அழகுக்காக யாரும் வளைக்கவில்லை. காதுக்குச் சரியாக வைத்துக்கொண்டே போனால் கணக்கு தானாக அந்த வளைவைப் போட்டுவிடுகிறது.

கனஸாவா நகரின் கென்ரொக்குஎன் தோட்டத்துக்குப் போனால் குளக்கரையில் ஒரு கல்விளக்கைப் பாருங்கள். இரண்டு கால்கள், ஒன்று தண்ணீரில், மற்றது கரையில். கோட்டோவின் குதிரையைப் போல இருப்பதால் அதன் பெயரையே விளக்குக்கும் வைத்துவிட்டார்கள்.

இடக்கை என்ன செய்கிறது?

வலக்கை மீட்டுகிறது. இடக்கை சும்மா இருக்குமா? குதிரைக்கு அந்தப் பக்கம், அதாவது வால்பக்கம், பாடாமல் கிடக்கும் தந்தியை ஆசிரியை இரண்டு விரலால் கீழே அழுத்தினார். அழுத்தியது அங்கே, சுரம் ஏறியதோ இங்கே! தந்தி ஒன்றுதானே. ஒரு பக்கம் அழுத்தினால் குதிரையின் மேல் வழுக்கி மறுபக்கமும் இறுகிவிடுகிறது. இறுகிய தந்தி வேகமாக அதிரும். வீணை வாசிப்பவர்கள் மெட்டின் மேல் தந்தியைப் பக்கவாட்டில் இழுத்துக் கமகம் கொடுக்கும்போது நடப்பதும் இதுவே.

ஆனால் இறுக்கம் கொஞ்சம் பிடிவாதக்காரன். நீளத்தைப் பாதியாக்கினால் அதிர்வு இரண்டு மடங்கு ஆனது. இறுக்கத்தை இரண்டு மடங்கு ஆக்கினால் அப்படி ஆகாது, நான்கு மடங்கு ஆக்க வேண்டும். ஒரு முழுச்சுரம் ஏற்ற இறுக்கம் சுமார் 26 சதவீதம் கூட வேண்டும். அரைச்சுரத்துக்குச் சுமார் 12 சதவீதம். அதனால்தான் அழுத்திப் பார்த்த என் விரல் நுனியில் கோடு விழுந்தது. தினமும் பழகுபவர்களுக்கு அந்த இடம் காய்த்துப் போயிருக்கும்.

தடித்த தந்தி, தாழ்ந்த குரல்

நீளம், இறுக்கம் இரண்டும் ஆயிற்று. மூன்றாவது எடை. மியாகி மிச்சியோ (1894–1956) என்ற இசைக்கலைஞர் சிறுவயதிலேயே பார்வையை இழந்தவர். கோட்டோவில் இன்னும் ஆழமான ஒலி வேண்டும் என்று நினைத்தார். 1921-இல் 17 தந்தி கொண்ட பெரிய கோட்டோவை உருவாக்கினார். பெட்டி பெரிது, தந்தியும் தடிமன். கனமான தந்தி நிதானமாகத்தான் அசையும், அதனால் குரல் தாழும்.

ஆக, விதிகள் மூன்று. குட்டையானால் சுரம் ஏறும், இறுகினால் ஏறும், கனமானால் இறங்கும். இதைக் கணக்காக எழுதி 1636-இல் புத்தகமாக வெளியிட்டவர் மரேன் மெர்சேன் என்ற பிரெஞ்சுத் துறவி. அதே காலத்தில் ஜப்பானில் யட்சுஹாஷி கென்க்யோ (1614–1685) என்ற இளைஞர் இருந்தார். இவருக்கும் பார்வை கிடையாது. கோட்டோவுக்குப் புதிய சுருதியமைப்புகளைத் தந்து அதன் போக்கையே மாற்றியவர் இவர்தான். மெர்சேனின் புத்தகம் யட்சுஹாஷியின் கைக்கு வந்திருக்க வழியில்லை. அவர் குதிரையைத் தடவி நகர்த்தினார், காதால் கேட்டார், சரியான இடத்தில் நிறுத்தினார். அளவுகோலை வைத்துப் பார்த்தால் மெர்சேனின் கணக்கு சொல்லும் இடமும் அதுதான். காதும் கணக்கும் தனித்தனி வழியில் போய் ஒரே இடத்தில் சந்தித்திருக்கின்றன.

பெட்டி எதற்கு?

தந்தி மெல்லியது. காற்றில் தனியாக அசைந்தால் கிட்டத்தட்ட எதுவும் கேட்காது. காற்றை வேண்டிய அளவு தள்ள அதற்கு அகலம் போதாது. குதிரையின் இரண்டு கால்களும் தந்தியின் அதிர்வை மரத்துக்குள் இறக்குகின்றன. அகன்ற பலகை முழுவதும் அதிர்ந்து காற்றைத் தள்ளுகிறது. அடியில் இருக்கும் இரண்டு துளைகள் வழியாகவும் ஒலி வெளியே வருகிறது.

இதற்கென்றே தேர்ந்தெடுத்த மரம் கிரி. ஒரு கனமீட்டர் தண்ணீர் 1000 கிலோ, அதே அளவு கிரி மரம் சுமார் 300 கிலோதான். கனமான பலகையை அசைக்க மெல்லிய தந்தியால் முடியாது, லேசான பலகை உடனே அசைந்து கொடுக்கும். ஈரமான காலத்திலும் கிரி அவ்வளவாக வளைவதில்லை, வெடிப்பதும் இல்லை. கோட்டோவின் மேல்பரப்பு பழுப்பாக, மரத்தின் ரேகைகள் எழும்பித் தெரிகிறதே, அது வண்ணம் அல்ல. காய்ச்சிய இரும்பால் மேலே சுட்டு, பிறகு தேய்த்து மெருகேற்றுகிறார்கள்.

இன்னொன்றையும் கவனித்தேன். தலைப்பக்கக் கட்டையை ஒட்டி மீட்டினால் ஒலி கணீரென்று வருகிறது. தந்தியின் நடுப்பக்கம் நகர்ந்து மீட்டினால் மிருதுவாகிவிடுகிறது. சுரம் ஒன்றேதான், குணம்தான் மாறுகிறது. காரணம், தந்தி முழுசாக மட்டும் அதிர்வதில்லை. அதே நேரத்தில் இரண்டு பாதிகளாகவும், மூன்று பங்குகளாகவும், இன்னும் சிறு பங்குகளாகவும் அதிர்கிறது. இரண்டு பாதிகளாக அதிரும்போது நடுப்புள்ளி அசையக் கூடாது. நாம் அந்த நடுப்புள்ளியையே பிடித்து இழுத்தால் அந்த அதிர்வு எழும்பாது. ஓரத்தில் மீட்டினால் சின்னச் சின்ன அதிர்வுகளும் சேர்ந்து எழுந்து ஒலியைக் கூர்மையாக்குகின்றன.

செய்து பாருங்கள்: மேசைக் கோட்டோ

தேவை: தடித்த தூண்டில் நரம்பு, இரண்டு ஆறு பட்டைப் பென்சில், 2 லிட்டர் பிளாஸ்டிக் பாட்டில், அளவுகோல், மரமேசை, உதவிக்கு ஒரு பெரியவர்.

நரம்பின் ஒரு முனையை மேசையின் காலில் கட்டுங்கள். நரம்பை மேசைக்கு மேலே கொண்டுவந்து எதிர்ப்பக்க ஓரத்தில் தொங்கவிட்டு, அதில் பாட்டிலைக் கட்டுங்கள். பாட்டிலுக்கு அடியில் தலையணை இருக்கட்டும், அறுந்தாலும் காலில் விழாது. 1 லிட்டர் தண்ணீர் ஊற்றுங்கள். நரம்புக்கு அடியில் இரண்டு பென்சில்களையும் 60 செ.மீ. இடைவெளியில் குறுக்கே வைத்து, நடுவில் மீட்டுங்கள்.

முதல் சோதனை: ஒரு பென்சிலை நகர்த்தி இடைவெளியை 30 செ.மீ. ஆக்குங்கள். அதே சுரம் ஒரு படி மேலே கேட்கிறதா?

இரண்டாவது சோதனை: மறுபடி 60 செ.மீ. வையுங்கள். பாட்டிலில் அரை லிட்டர் தண்ணீர் மட்டும் விட்டு மீட்டுங்கள். பிறகு 2 லிட்டர் ஊற்றி மீட்டுங்கள். எடை நான்கு மடங்கு, அதிர்வு எத்தனை மடங்கு?

மூன்றாவது சோதனை: காதை மேசைப் பலகையில் ஒட்டி வைத்துக்கொண்டு மீட்டுங்கள். கிரி மரம் செய்யும் வேலையை உங்கள் மேசையும் செய்வது தெரியும்.

கடைசியாக ஒரு கணக்கு. கோட்டோவில் 3-ஆம் தந்தியின் பாடும் பகுதி 107 செ.மீ. என்றால், 13-ஆம் தந்தியின் குதிரையைத் தலைப்பக்கக் கட்டையிலிருந்து எத்தனை செ.மீ. தள்ளி நிறுத்த வேண்டும்? ஒவ்வொரு 5 தந்திக்கும் நீளம் பாதி, அது ஒன்றே குறிப்பு.