முள்ளங்கி: இடம் விட்டு வளர்ப்போம், நாள் பார்த்துப் பிடுங்குவோம்

வீட்டில் முள்ளங்கி போட்டவர்கள் அடிக்கடி சொல்லும் குறை ஒன்று உண்டு: "இலை தளதளவென்று வந்தது, கீழே கிழங்கே வைக்கவில்லை." இதற்கு விதையைக் குறை சொல்ல வேண்டியதில்லை. பெரும்பாலும் காரணம் மூன்றுதான்: செடிகள் நெருக்கமாக நிற்பது, வெயில் போதாதது, தழைச்சத்து மிகுந்துவிடுவது.

இலைகள் வெயிலில் தயாரிக்கும் உணவில் மிஞ்சுவதைத்தான் செடி கீழே கிழங்காகச் சேமிக்கிறது. நிழலில் நின்றால் மிச்சம் இருக்காது. தழைச்சத்து கூடினால் அந்த உணவும் புது இலைகளுக்கே போய்விடும். பக்கத்துச் செடி இடித்துக்கொண்டு நின்றால் கிழங்கு பருக்க இடமே இல்லை. மற்ற வேலைகள் எல்லாம் இதைப் புரிந்துகொண்டால் எளிதாகிவிடும்.

பருவமும் ரகமும்

முள்ளங்கிக்குக் குளிர்ச்சி பிடிக்கும். நம் சமவெளியில் ஆவணியிலிருந்து தை வரை நல்ல காலம். ஐப்பசி அடைமழையில் மட்டும் விதை அடித்துப் போகாமலும் செடி வளர்க்கும் பையில் தண்ணீர் தேங்காமலும் பார்த்துக்கொள்ள வேண்டும். கோடையிலும் வளர்க்க நினைப்பவர்கள் வெப்பம் தாங்கும் பூசா செட்கி ரகத்தைத் தேர்ந்தெடுக்கலாம். 40 முதல் 45 நாட்களில் அறுவடைக்கு வரும். பெங்களூரில் உள்ள இந்தியத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிறுவனம் வெளியிட்ட அர்கா நிஷாந்த் 50 முதல் 55 நாட்கள் எடுத்துக்கொள்ளும்.

மண்ணும் விதைப்பும்

கிழங்கு நேராக இறங்க மண் பொலபொலவென்று இருக்க வேண்டும். கல்லோ கட்டியோ தட்டினால் கிழங்கு இரண்டாகப் பிளந்து கவட்டையாகிவிடும். மட்காத சாணம் போட்டாலும் இதே கதிதான். செம்மண், நன்றாக மட்கிய தொழு உரம் அல்லது மண்புழு உரம், தென்னை நார்க்கழிவு மூன்றையும் கலந்து, குறைந்தது ஓர் அடி ஆழமுள்ள பையில் நிரப்புங்கள். தினமும் ஆறு மணி நேரமாவது வெயில் விழும் இடமாகப் பார்த்து வையுங்கள்.

நாற்று விட்டுப் பிடுங்கி நடக்கூடாது. ஆணிவேர் அடிபட்டால் கிழங்கு கோணலாகிவிடும். விதையை நேரடியாக ஒரு சென்டிமீட்டர் ஆழத்தில் ஊன்றி, பூவாளியால் மெல்லத் தண்ணீர் தெளியுங்கள். மூன்றிலிருந்து ஐந்து நாளில் முளைத்துவிடும்.

மனசு வராத வேலை

முளைத்துப் பத்து நாள் ஆனதும் செடிகளைக் கலைத்துவிட வேண்டும். செடிக்குச் செடி 8 முதல் 10 சென்டிமீட்டர் இடைவெளி இருக்கும்படி திடமானவற்றை விட்டுவிட்டு மற்றவற்றை எடுத்துவிடுங்கள். ஓர் அடி அகலப் பையில் ஐந்து செடி போதும். உயிரோடு நிற்கும் செடியைப் பிடுங்க யாருக்கும் மனசு வராது. ஆனால் இருபது செடியையும் விட்டுவைத்தால் இருபது கட்டு இலைதான் கிடைக்கும். பிடுங்கிய இளஞ்செடிகள் வீண் போகாது. கீரையோடு சேர்த்துக் கடைந்துவிடலாம்.

தண்ணீர் சீராகப் போக வேண்டும். நாலு நாள் காயவிட்டு ஒரேயடியாக ஊற்றினால் கிழங்கு வெடிக்கும். வெப்பமும் வறட்சியும் சேர்ந்தால் காரமும் ஏறிவிடும். இலையின் அடிப்புறத்தில் அசுவினி தெரிந்தால், ஒரு லிட்டர் தண்ணீரில் 5 மில்லி வேப்பெண்ணெயைச் சிறிது சோப்புக் கரைசலோடு கலந்து, மாலையில் தெளியுங்கள்.

அறுவடை

கிழங்கின் தோள்பட்டை மண்ணுக்கு மேலே தலைகாட்டும். ரகத்துக்குரிய நாள் நெருங்கியதும் ஒன்றைப் பிடுங்கி நறுக்கிப் பாருங்கள். சதை இறுக்கமாக, சாறோடு இருந்தால் மற்றவற்றையும் எடுத்துவிடலாம். "இன்னும் கொஞ்சம் பெரிதாகட்டும்" என்று காத்திருப்பதுதான் பலரும் ஏமாறும் இடம். நாள் தப்பினால் உள்ளே பஞ்சு போலாகி, நாரும் விழுந்துவிடும். அப்புறம் எவ்வளவு வேகவைத்தாலும் ருசி இருக்காது.

முந்தின நாள் மாலை தண்ணீர் விட்டு வைத்தால் காலையில் கிழங்கு உடையாமல் வரும். இலைக்காம்புகளின் அடியைச் சேர்த்துப் பிடித்து நேராக மேலே இழுங்கள். எடுத்த கையோடு இலையை நறுக்கிவிட வேண்டும். இல்லையென்றால் இலை கிழங்கின் ஈரத்தை உறிஞ்சி அதை வதங்கச் செய்துவிடும். அந்த இலையைப் பாசிப்பருப்பு போட்டுப் பொரியல் செய்யலாம்.

நாலைந்து செடிகளைப் பிடுங்காமல் பூக்கவிடுங்கள். தேனீக்கள் வரும், பிஞ்சுக் காய் பிடிக்கும். அந்தக் காயையும் சமைக்கலாம், முற்றவிட்டால் விதையாகும். முள்ளங்கிக்கு வேறு செடியின் மகரந்தம் வேண்டும் என்பதால் ஒற்றைச் செடியை விட்டுவைத்தால் காய் சரியாகப் பிடிக்காது. பூசா செட்கி போன்ற ஆசிய ரகங்கள் சமவெளியிலேயே விதை கொடுக்கும். ஐரோப்பிய ரகங்கள் பூக்கக் கடுங்குளிர் வேண்டும்.

எல்லா விதையையும் ஒரே நாளில் போடாமல், பதினைந்து நாளுக்கு ஒரு பை என்று விதைத்து வாருங்கள். பருவம் முழுவதும் இளங்கிழங்கு கிடைக்கும். எடுத்து முடித்த மண்ணில் உடனே முட்டைக்கோஸ், காலிபிளவர், நூல்கோல், டர்னிப் வைக்காதீர்கள். எல்லாம் கடுகுக் குடும்பம், ஒன்றின் பூச்சி மற்றொன்றுக்கும் வரும். அவரையோ கொத்தவரையோ போட்டால் மண்ணுக்கும் நல்லது.