பச்சைக் கல் அடுக்கும் சட்டம்

செங்கல் சூளையின் புகைபோக்கியில் ஏறி, புகையில் எவ்வளவு தூசி இருக்கிறது என்று அளந்து சொல்வது என் பிழைப்பு. தனியார் பரிசோதனைக் கூடத்தில் வேலை. சூளைகளில் என் பெயர் யாருக்கும் தெரியாது. "புகைக்காரர் வந்துட்டாருங்க" என்பார்கள்.

அளப்பது பொறுமை கேட்கும் வேலை. புகைபோக்கியின் பக்கவாட்டில் உள்ள துளைக்குள் வளைந்த மூக்குள்ள உலோகக் குழாயை நுழைக்க வேண்டும். உள்ளே புகை என்ன வேகத்தில் மேலே போகிறதோ, அதே வேகத்தில் அதை உறிஞ்ச வேண்டும். கூடினாலும் குறைந்தாலும் கணக்கு தப்பிவிடும். கண்ணாடி இழை வடிகட்டியில் தங்கும் தூசியை உலர்த்தி எடை போட்டால், ஒரு கன மீட்டர் புகையில் இத்தனை மில்லிகிராம் என்று கிடைக்கும். முன்பெல்லாம் பல சூளைகளில் துளையும் இருக்காது, நிற்க இடமும் இருக்காது. மூங்கில் சாரம் கட்டி, காற்றில் ஆடிக்கொண்டே அளந்திருக்கிறேன். 2022 பிப்ரவரி 22 அன்று மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் வெளியிட்ட விதிகள், அளவெடுக்கும் துளையும் மேடையும் நிரந்தரமாக இருக்க வேண்டும் என்கின்றன. அந்த விதிகளிலேயே எனக்கு மிகவும் பிடித்த வரி அதுதான்.

2009-ஆம் ஆண்டு விதிப்படி நீள்வட்டக் குழிச் சூளைகளில் சிறியவற்றுக்கு ஒரு கன மீட்டருக்கு 1,000 மில்லிகிராம் தூசி வரை விட அனுமதி இருந்தது. மற்றவற்றுக்கு 750 வரை. 2022-இல் இது எல்லோருக்கும் 250 ஆனது. இந்த எண்ணைக் கேட்டு மலைத்த சூளைக்காரர்கள் பலர், அதற்குப் பக்கத்திலேயே இருந்த இன்னொரு கணக்கைக் கவனிக்கவில்லை.

சூளைச் சுவரில் விரிசல் இருந்தால் வெளிக்காற்று உள்ளே புகுந்து புகையோடு கலக்கும். தூசி குறையாது, புகைதான் நீர்த்துப் போகும். என் கருவியோ நல்ல எண்ணைக் காட்டும். இதைத் தெரிந்துகொண்டு, அளக்கும் நாளில் வேண்டுமென்றே காற்றை உள்ளே விட்டவர்கள் உண்டு. புதிய விதி இந்த வழியை அடைத்தது. தூசியோடு கரியமில வாயுவையும் அளக்க வேண்டும். அது 4 சதவீதத்துக்குக் கீழே இருந்தால், தூசி அளவை 4-ஆல் பெருக்கி, கிடைத்த சதவீதத்தால் வகுக்க வேண்டும். தூசி 150, கரியமில வாயு 2 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம்: கணக்கில் வருவது 300. தேறிவிட்டோம் என்று நினைத்த சூளை தேறாது. ஒரு முதலாளியிடம் இதைக் காகிதத்தில் போட்டுக் காட்டினேன். வெகுநேரம் பார்த்துவிட்டு, "காத்துக்கும் கணக்கு வெச்சுட்டாங்களா தம்பி" என்றார்.

இனி சூளைக்கு உள்ளே போவோம், ஏனென்றால் சட்டமும் இப்போது அங்கேதான் போயிருக்கிறது. நீள்வட்டக் குழியில் பச்சைக் கல்லை, அதாவது சுடாத செங்கல்லை, அடுக்கி நெருப்பு வைத்தால், கற்கள் இருந்த இடத்தில் இருக்க, நெருப்பு நாளுக்கு நாள் நகர்ந்து குழியைச் சுற்றிவரும். வெந்து ஆறிக்கொண்டிருக்கும் கற்களின் வழியே வரும் காற்று சூடேறி நெருப்பை அடையும். அங்கிருந்து கிளம்பும் சூடு, முன்னால் உள்ள பச்சைக் கல்லைக் காயவைத்துவிட்டுப் புகைபோக்கிக்குப் போகும். பழைய முறையில் இந்தக் காற்று நேர்கோட்டில் ஓடிவிடும். மேலிருந்து மண்வெட்டி நிறையக் கரியைக் கொட்டுவார்கள். கொட்டியதும் கொஞ்ச நேரம் கருகருவென்று புகை எழும். அரைகுறையாக எரிந்த கரி அது, முதலாளியின் காசும்தான். ஜிக்ஜாக் முறையில் காற்று இடமும் வலமும் வளைந்து வளைந்து போகும்படி கல்லை அடுக்குவார்கள். காற்றும் கரியும் நன்றாகக் கலந்து எரியும். கரியைச் சிறு கரண்டியால் கொஞ்சம் கொஞ்சமாக, விட்டுவிடாமல் போட வேண்டும். கரிச்செலவு சுமார் 20 சதவீதம் மிச்சமாகும்.

புதிதாகக் கட்டும் சூளை ஜிக்ஜாக் வகையாகவோ, செங்குத்துச் சூளையாகவோ, குழாய் வழி எரிவாயுவில் எரிவதாகவோதான் இருக்க வேண்டும் என்கிறது 2022 விதி. பழைய சூளைகள் மாறுவதற்கு இரண்டு ஆண்டு அவகாசம் தந்தார்கள். காற்றுத் தரத்தில் தேறாத நகரங்களிலிருந்து 10 கிலோமீட்டருக்குள் இருந்தால் ஓராண்டுதான். குடியிருப்புக்கும் பழத்தோட்டத்துக்கும் 800 மீட்டர் தள்ளியிருக்க வேண்டும் என்பதும் அதே விதிதான். டயர், பிளாஸ்டிக், பெட்ரோலியக் கோக் எரிக்கக் கூடாது. நான் பகலில், சொல்லிவிட்டுப் போகிறவன். ராத்திரி என்ன எரிகிறது என்பதை அக்கம்பக்கத்து ஊர்க்காரர்களின் மூக்குதான் சொல்ல வேண்டும்.

கல்லை வளைத்து அடுக்கத் தெரிந்த ஆள் கிடைப்பதுதான் பெரும்பாடு. அடுக்கு ஒழுங்காக இல்லையென்றால் ஜிக்ஜாக் என்பது பெயரளவில்தான். புகை பழையபடியே வரும். அவகாசத்தை ஆண்டுக் கணக்கில் எழுதிய அமைச்சகம், அடுக்கும் கைகளைப் பழக்குவதற்கும் அதே அளவு கவலைப்பட்டிருக்கலாம்.

நீதிமன்றங்களின் வழி வேறு. தாஜ்மகாலைச் சுற்றி 20 கிலோமீட்டருக்குள் இருந்த சூளைகளை மூடச் சொல்லி உச்ச நீதிமன்றம் 1996-இல் உத்தரவிட்டது. நம் பக்கத்தில், கோவை தடாகம் பள்ளத்தாக்கில், வழக்குகளுக்குப் பிறகு 2021-இல் 170-க்கும் மேற்பட்ட சூளைகள் மூடப்பட்டன. அங்கே முதலில் பிடிபட்டது புகை அல்ல, மண். யானைகள் நடமாடும் மலையடிவாரத்தில் அனுமதி இல்லாமல் தோண்டிய செம்மண் பள்ளங்களை இன்றும் பார்க்கலாம். செங்கல்லுக்கு மண் எடுக்கக் கனிமவளத் துறையின் அனுமதி வேண்டும், எரிக்க மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் இசைவு வேண்டும். இரண்டில் ஒன்று இல்லையென்றாலும் பூட்டுப் போடலாம்.

நாட்டுச் சூளை விஷயம்தான் எனக்குப் பிடிபடவில்லை. வயலோரத்தில் கல்லை அடுக்கி, இடையில் விறகு வைத்து, மேலே மண் பூசிக் கொளுத்துவார்கள். புகைபோக்கி கிடையாது, நாலு பக்கமும் தரையோடு தரையாகப் புகை பரவும். என் குழாயை நுழைக்கத் துளை இல்லை, 250 என்ற எண்ணை வைத்துப் பார்க்கவும் வழியில்லை. அங்கே வரும் அதிகாரி சோதிக்கக்கூடியது மண் எடுத்த சீட்டையும், விறகுக் குவியலையும், பக்கத்து வீடு எவ்வளவு தூரம் என்பதையும்தான்.